வரலாற்றாசிரியர் அமைச்சரானபோது: துருக்கியின் ஃபுவாட் கொப்ருலு

துருக்கியரின் வரலாற்றையும் இலக்கியத்தையும் ஆராயப் புகும் எவரும் மெஹ்மெட் ஃபுவாட் கொப்ருலு என்னும் பெயரைக் கடந்து செல்லல் இயலாது. அந்நாட்டின் அரசியல் வரலாற்றை எழுதுவோரும் அவரைத் தவிர்க்க முடியாது. இருபத்து மூன்றாம் வயதில் பல்கலைக்கழகப் பேராசிரியரானவர். அறுபதை அண்மித்த வயதில் வெளிவிவகார அமைச்சரானவர். துருக்கியின் ஒரு கட்சி ஆட்சிக்கு முடிவுகட்டிய நால்வருள் ஒருவர். சான்றின்றி எதனையும் ஏற்கலாகாது என்று ஒரு தலைமுறை மாணவர்க்குப் போதித்த இந்தப் பேராசிரியர், 1955 செப்டெம்பரில் தமது நாட்டின் பாராளுமன்றத்தில் எழுந்து நின்று ஒரு விளக்கம் கூறினார். அதனை அவருடைய மாணவன் ஒருவன் பரீட்சைத் தாளில் எழுதியிருப்பின் அவர் ஒரு புள்ளியேனும் வழங்கியிருக்க மாட்டார் என்றே எண்ணத் தோன்றுகின்றது. அவ்விளக்கத்துக்கு அவர் வந்து சேர்ந்த வழி யாது?

கொப்ருலு என்பது வெறும் குடும்பப் பெயரன்று. 17ஆம் நூற்றாண்டில் ஒட்டோமான் பேரரசு தளர்ந்திருந்த வேளையில் அதனைத் தூக்கி நிறுத்திய முதலமைச்சர்களின் குலப்பெயர் அது. 1656இல் கொப்ருலு மெஹ்மெட் பாஷா முதலமைச்சரானார். அவருக்குப் பின் அப்பதவிக்கு வந்த மகன் ஃபாஸில் அஹ்மெட் பாஷா 1669இல் கிறீற் தீவின் கண்டியா நகரைக் கைப்பற்றினார். இக்குலத்தின் வழித்தோன்றலாக 1890 டிசெம்பரில் இஸ்தான்புல் நகரில் பிறந்த ஃபுவாட், தமது இளமைக் கால நூல்களில் 'கொப்ருலுசாதே', அதாவது கொப்ருலுவின் மகன், என்றே கையொப்பமிட்டார். 1934ஆம் ஆண்டின் குடும்பப்பெயர்ச் சட்டத்தின் பின் அவ்வொட்டு நீங்கி வெறும் கொப்ருலு எஞ்சியது. முன்னோர் ஆண்ட நாட்டில் தாமும் ஒருநாள் ஆளவேண்டும் என்னும் எண்ணம் அவருக்கு எப்பொழுது முளைத்தது என்று எவரும் அறியார். பெயரின் சுமை இளமையிலிருந்தே தோளில் இருந்தது என்பது மட்டும் தெளிவு.

சட்டக் கல்லூரியில் சேர்ந்தவர் படிப்பை முடிக்காமலே வெளியேறினார். பிரெஞ்சும் பாரசீகமும் அரபும் கைவந்தன. நூலகங்களே அவருக்குப் பல்கலைக்கழகமாயின. தொடக்கத்தில் கவிதை எழுதினார். 1909இல் தோன்றிய இளம் எழுத்தாளர் குழு ஒன்றிலும் இருந்தார். பள்ளிகளில் இலக்கியம் கற்பித்தார். 1913இல், பட்டம் எதுவும் பெறாத இவ்விளைஞர் இஸ்தான்புல் பல்கலைக்கழகத்தில் துருக்கிய இலக்கிய வரலாற்றுப் பேராசிரியராக நியமனம் பெற்றார். அதே ஆண்டில், இலக்கிய வரலாற்றை எம்முறையில் எழுதல் வேண்டும் என்பது பற்றி அவர் வெளியிட்ட கட்டுரை இன்றும் துருக்கியில் பேசப்படுகின்றது. புலவர்களின் பெயர்ப்பட்டியலும் புகழ்மாலையும் வரலாறு ஆகா. ஒரு காலத்தின் சமுதாயம், சமயம், பொருளியல் ஆகியவற்றோடு பொருத்தியே இலக்கியத்தை நோக்கல் வேண்டும் என்பது அதன் சாரம். சமூகவியலைத் துருக்கிக்கு அறிமுகம் செய்த ஸியா கொகால்ப் என்பாரின் செல்வாக்கு இதில் உண்டு.

இக்கொள்கையைச் செயலில் காட்டிய நூல், முதலாம் உலகப் போர் முடிவுற்ற காலத்தில் வெளிவந்த 'துருக்கிய இலக்கியத்தில் முதல் மெய்ஞ்ஞானிகள்' என்பதாகும். பேரரசு தோற்றுத் தலைநகரில் அந்நியப் படைகள் இறங்கிய வேளை அது. அந்நாள் வரை ஒட்டோமான் இலக்கியம் என்றால் அரண்மனைக் கவிதையே என்பது அறிஞர் கருத்து. ஆங்கில அறிஞர் கிப் ஆறு தொகுதிகளில் எழுதிய ஒட்டோமான் கவிதை வரலாறும் அக்கவிதையையே முதன்மைப்படுத்திற்று. அது பாரசீகத்தைப் பின்பற்றி எழுந்தது என்பதே அதன் முடிவு. கொப்ருலுவோ அரண்மனை வாயிலை விட்டு நீங்கி ஊர்ப்புறம் சென்றார். 12ஆம் நூற்றாண்டில் நடு ஆசியாவில் வாழ்ந்த அஹ்மெட் யெசெவி என்னும் ஞானியையும், ஏறத்தாழ நூறு ஆண்டுகளின் பின் அனத்தோலியாவில் எளிய துருக்கிய மொழியில் பாடிய யூனுஸ் எம்ரேயையும் ஒரே மரபின் இரு முனைகளாகக் காட்டினார். படித்தவர் இகழ்ந்த பாமரர் பாடல்களிலே ஒரு மொழியின் தொடர்ச்சி உயிர்த்திருந்தது என்பது அவரது கண்டுபிடிப்பு. அவர் காட்டிய தொடர்பு அத்துணை நேரானதன்று எனப் பின்வந்த ஆய்வாளர் மறுத்துள்ளனர். ஆயினும் அவர்களும் அவரிலிருந்தே தொடங்கவேண்டியுள்ளது. இந்நூல் 2006இல் ஆங்கிலத்திலும் முழுமையாக வெளிவந்தது.

குடியரசு 1923இல் பிறந்தது. மறு ஆண்டில் இஸ்தான்புல் பல்கலைக்கழகத்தில் துருக்கியியல் நிறுவனத்தை அவர் தொடக்கி வைத்தார். கல்வி அமைச்சிலும் சில மாதங்கள் உயர் அலுவலராகப் பணியாற்றினார். ஹைடெல்பேர்க், ஏதென்ஸ், சோர்போன் பல்கலைக்கழகங்கள் பின்னர் அவருக்குக் கௌரவ கலாநிதிப் பட்டம் வழங்கின. பட்டம் பெறாதவருக்குப் பட்டங்கள் தேடி வந்தன. 1926இல் பாக்கு நகரில் கூடிய துருக்கியியல் மாநாட்டிலும் பங்குகொண்டார். எழுத்துச் சீர்திருத்தம் அம்மாநாட்டில் பெருவிவாதமாயிற்று. இலத்தீன் எழுத்தை அவ்வேளையில் கொப்ருலு ஆதரித்தாரல்லர். 1928இல் அரசு அவ்வெழுத்தைச் சட்டமாக்கியதும் அமைதியாக ஏற்றுக்கொண்டார். ஒரே தலைமுறையில் பேரன் பாட்டனின் கடிதத்தைப் படிக்க இயலாதவனானான். பழைய எழுத்தறிந்த வரலாற்றாசிரியரின் மதிப்பு அதனால் உயர்ந்தது என்பது வேறு கதை.

1932 யூலையில் அங்காராவில் முதலாவது துருக்கிய வரலாற்று மாநாடு கூடியது. அவையில் அமர்ந்திருந்தோரில் பெரும்பாலோர் நாட்டின் பல பாகங்களிலிருந்தும் வரவழைக்கப்பட்ட பள்ளிக்கூட வரலாற்று ஆசிரியர்கள். புதிய அரசின் 'துருக்கிய வரலாற்றுக் கோட்பாடு' அவர்களுக்கு அங்கே ஓதப்பட்டது. நடு ஆசியாவில் தொல்காலத்தில் ஏற்பட்ட வறட்சியால் துருக்கியர் நாற்றிசையும் பரவினர். சுமேரியரும் ஹிட்டைற்றுகளும் துருக்கியரே. உலக நாகரிகத்துக்கு விதை தூவியவர்கள் அவர்களே என்பது அக்கோட்பாடு. முந்திய ஆண்டிலேயே இது பாடநூலாகவும் அச்சாகிவிட்டது. மேலிடத்திலிருந்து வரும் பாடநூலைக் கையில் வைத்துக்கொண்டு மாணவர் முன் நிற்கும் ஆசிரியனின் சங்கடம் யாதென்பதைக் கற்பித்தல் தொழிலில் இருந்தோர் அறிவர். கேள்வி கேட்கும் துணிவு பேராசிரியர்களுக்கே இருக்கவேண்டும் என்று அவ்வாசிரியர்களுள் சிலராவது எதிர்பார்த்திருப்பர்.

இருவர் எழுந்தனர். கொப்ருலு மென்மையான சொற்களில், சான்றுகளைக் கையாளும் முறையில் எச்சரிக்கை தேவை என்றார். எதிர்ப்பு எழுந்ததும் தமது கூற்றைத் தளர்த்திக்கொண்டார். மற்றவர் ஸெக்கி வெலிதி தோகான்; ரஷ்யப் பேரரசின் பாஷ்கீர் நாட்டிலிருந்து வந்த ஏதிலி. வறட்சிக் கதைக்கு ஆதாரமில்லை என்று நேராகச் சொன்னார். அவையிலேயே கடுமையாகத் தாக்கப்பட்டார். பதவியைத் துறந்து வியன்னாவுக்குச் சென்றார். 1939இல்தான் திரும்பி வர முடிந்தது. கொப்ருலு துருக்கியிலேயே இருந்தார். மறு ஆண்டில் பழைய பல்கலைக்கழகம் கலைக்கப்பட்டுப் பல பேராசிரியர்கள் வேலை இழந்தபோதும் அவருடைய நாற்காலி அசையவில்லை. இதனைக் கோழைத்தனம் என்று எளிதிற் சொல்லிவிடலாம். அது நியாயமான தீர்ப்பென்று எமக்குத் தோன்றவில்லை. தமது ஆய்வில் அவர் அக்கோட்பாட்டை ஒருபோதும் கையாளவில்லை. சுமேரியரைத் துருக்கியராக்கும் வேலையை மற்றவர்களுக்கு விட்டுவிட்டு, தாம் 13ஆம் நூற்றாண்டின் சுவடிகளோடு இருந்துவிட்டார். வாய்மூடி இருப்பதற்கும் பொய் சொல்வதற்கும் இடையே ஒரு கோடு உண்டு. அன்று அவர் அக்கோட்டின் இப்பக்கத்திலேயே நின்றார்.

அவ்வாண்டுகளில் பிறந்ததே அவரது தலைசிறந்த ஆய்வு. ஒட்டோமான் அரசு தோன்றியது எவ்வாறு? அமெரிக்கரான ஹேர்பேட் கிபன்ஸ் 1916இல் எழுதிய நூலில் இதற்கு ஒரு விடை தந்திருந்தார். சில நூறு கூடாரங்களோடு வந்த மேய்ச்சற் குடியினர் தாமாகப் பேரரசு அமைத்திருக்க முடியாது. மதம் மாறிய கிரேக்கர்கள் அவர்களோடு கலந்து உருவான புதிய இனமே அதனைச் செய்தது. பைசாந்தியத்தின் மரபையே அது தொடர்ந்தது என்பது அவ்விடை. கொப்ருலு 1931இல் ஒரு நீண்ட கட்டுரையில் பைசாந்தியச் செல்வாக்கு என்னும் கருத்தை ஒவ்வொரு நிறுவனமாக எடுத்து ஆராய்ந்தார். 1934இல் பரிஸ் சென்று சோர்போனில் விரிவுரைகள் ஆற்றினார். அவ்விரிவுரைகள் மறு ஆண்டில் பிரெஞ்சு மொழியில் நூலாயின.

அவருடைய வாதம் எளிமையும் ஆழமும் உடையது. உஸ்மான் என்ற ஒரு தலைவனையும் அவனது சிறு குலத்தையும் மட்டும் உற்றுப் பார்த்தால் விடை கிட்டாது. அனத்தோலியா முழுவதையும் பார்க்கவேண்டும். 1243இல் மங்கோலியர் செல்யூக் படையைக் கொஸெதாக்கில் முறியடித்தனர். அஞ்சி ஓடிய துருக்மேன் குடிகள் மேற்கே பைசாந்திய எல்லையில் வந்து குவிந்தன. நகரங்களில் தொழிலாளர் சகோதரக் குழுக்கள் இருந்தன. ஊர்கள்தோறும் திரியும் ஞானிகள் இருந்தனர். எல்லையில் வாழ்ந்த போர்வீரர் இருந்தனர். வீழ்ந்த செல்யூக் அரசின் கணக்கரும் அலுவலரும் வேலை தேடி அலைந்தனர். ஒரு பேரரசுக்கு வேண்டிய ஆளும் அறிவும் அங்கேயே இருந்தன. உஸ்மானின் குலம் எது என்னும் கேள்வி, பல நூற்றாண்டுகள் பெருமையோடு பேசப்பட்ட கேள்வி, இவ்விடயத்தில் முக்கியமற்றது என்று அவர் கூறினார். பரம்பரைப் பெருமை மிக்க குடும்பத்தில் வந்த ஒருவர் பரம்பரைக் கதைகளை இவ்வாறு ஒதுக்கியது கவனிக்கத்தக்கது. அரசர் வரிசையை விட்டுச் சமுதாயத்தை வரலாற்றின் நடுவில் வைக்கும் இந்நோக்கு பிரான்சில் அனால் குழுவினரால் வளர்க்கப்பட்டுக்கொண்டிருந்த காலம் அது.

எனினும் அவரும் தம் காலத்தின் பிள்ளையே. பைசாந்தியத்திலிருந்து பெற்றது ஏறத்தாழ எதுவுமில்லை என்று அவர் அழுத்திச் சொன்ன இடங்களில் அறிஞரின் குரலோடு புதிய தேசத்தின் குரலும் கலந்தே ஒலிக்கின்றது. அயலாரோடு பல நூற்றாண்டுகள் அருகருகே வாழ்ந்த மக்கள் ஒருவரிடமிருந்து ஒருவர் எதனையும் கொள்ளாதிருந்தனர் என்பது நம்பத்தக்கதன்று.

1935இல் கார்ஸ் தொகுதியின் உறுப்பினராக அவர் பாராளுமன்றம் புகுந்தார். ஒரே கட்சி ஆண்ட நாட்டில் வேட்பாளரைத் தெரிவு செய்வதே உறுப்பினரைத் தெரிவு செய்வதாகும். பத்து ஆண்டுகள் அமைதியாகக் கழிந்தன. இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் காற்றின் திசை மாறிற்று. 1945 யூன் 7ஆம் திகதி ஜெலால் பயார், அட்னான் மெண்டெரெஸ், ரெஃபிக் கொரால்தான், கொப்ருலு ஆகிய நால்வரும் கட்சிக்குள் ஒரு விண்ணப்பம் சமர்ப்பித்தனர். அரசியலமைப்பில் எழுதப்பட்டுள்ள உரிமைகள் மெய்யாகவே வழங்கப்படல் வேண்டும், அரசாங்கத்தைப் பாராளுமன்றம் மெய்யாகவே கண்காணித்தல் வேண்டும் என்பன அவர்தம் கோரிக்கைகள். அதே நாளில் மொஸ்கோவில் மொலொதோவ் துருக்கியத் தூதரை அழைத்து எல்லை மாற்றம் பற்றிப் பேசினார் என்பது வரலாற்றின் விந்தைகளுள் ஒன்று. சோவியத் கேட்ட நிலங்களில் கொப்ருலுவின் தொகுதியான கார்ஸும் அடங்கியிருந்தது.

விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. கொப்ருலுவும் மெண்டெரெஸும் 'வதன்' என்னும் நாளிதழில் எழுதினர். செப்டெம்பரில் கட்சியிலிருந்து விலக்கப்பட்டனர். 1946 யனவரி 7ஆம் திகதி நால்வரும் சேர்ந்து ஜனநாயகக் கட்சியைத் தொடங்கினர். 1950 மே 14ஆம் திகதித் தேர்தலில் 487 இடங்களில் 400க்கு மேற்பட்டவை அவர்கள் வசமாயின. இருபத்தேழு ஆண்டுகள் ஆண்ட கட்சி வாக்குச்சீட்டால் இறங்கியது. துப்பாக்கி ஒன்றும் வெடிக்கவில்லை. பயார் சனாதிபதியானார், மெண்டெரெஸ் பிரதமர், கொரால்தான் சபாநாயகர், கொப்ருலு வெளிவிவகார அமைச்சர்.

வெளிவிவகாரத்தில் அவர் செய்தவற்றைச் சுருங்கக் கூறலாம். பாராளுமன்றத்தின் ஒப்புதல் பெறாமலே 1950இல் கொரியாவுக்கு ஏறத்தாழ 4,500 பேர் கொண்ட படைப்பிரிவை அரசாங்கம் அனுப்பியது. அப்போர் முடிவதற்குள் 700க்கு மேற்பட்ட துருக்கியர் மாண்டனர். 1952 பெப்ரவரியில் துருக்கி நேட்டோவில் இணைந்தது. மறு ஆண்டில் கிரேக்கத்தோடும் யூகோசிலாவியாவோடும் அங்காராவில் செய்துகொண்ட ஒப்பந்தத்தில் துருக்கியின் சார்பில் கையொப்பமிட்டவர் கொப்ருலுவே. ஒட்டோமான் அரசில் கிரேக்கரின் பங்கை மறுத்து எழுதியவர் கிரேக்கரோடு நட்புறவு செய்த அமைச்சரானார். சைப்பிரஸ் என்று தமது அரசாங்கத்துக்கு ஒரு பிரச்சினையே இல்லை என்பதுவும் தொடக்கத்தில் அவர் கொண்டிருந்த நிலைப்பாடு.

இந்தப் பெருமைகளின் நடுவே நெருடும் ஒரு செய்தி. பெர்தெவ் நாய்லி பொராதாவ் என்பவர் கொப்ருலுவிடம் பயின்று நாட்டார் கதைகளின் ஆய்வில் தேர்ந்தவர். 1948இல், பழைய ஆட்சியின்போது, இடதுசாரி எனக் குற்றஞ்சாட்டி அவரது பல்கலைக்கழகப் பதவியை ஒழித்தனர். ஆசானின் கட்சி ஆட்சி ஏறியபின்னரும் அப்பதவி மீளவில்லை. 1952இல் பிரான்சு சென்ற பொராதாவ் துருக்கிய நாட்டார் இலக்கியத்தைப் பரிஸிலிருந்தே ஆராய்ந்து 1998இல் அங்கேயே மறைந்தார்.

1955இல் சைப்பிரஸ் பிரச்சினையாகிவிட்டது. ஓகஸ்ற் இறுதியில் லண்டனில் முத்தரப்பு மாநாடு கூடியபோது துருக்கியின் சார்பில் பேசியவர் ஸொர்லு. கொப்ருலு துணைப் பிரதமராக நாட்டில் இருந்தார். செப்டெம்பர் 6ஆம் திகதி, கிரேக்க நகரான தெசலோனிக்கியில் அத்தாதுர்க் பிறந்த இல்லத்தின் வளவில் குண்டு வெடித்தது என்னும் செய்தி பரவியது. இஸ்தான்புல் மாலை நாளிதழ் ஒன்று சிறப்புப் பதிப்பு வெளியிட்டது. இருள் கவிவதற்குள் கும்பல்கள் திரண்டன. கைகளில் கோடரியும் மண்வெட்டியும் கடப்பாரையும் இருந்தன. கிரேக்கரின் கடைகள் எவை, வீடுகள் எவை என்பது வந்தவர்களுக்குத் தெரிந்திருந்தது. ஆர்மேனியரும் யூதரும் தப்பவில்லை. பெயோக்லு வீதியில் துணிச்சுருள்களும் உடைந்த கண்ணாடியும் குளிர்சாதனப் பெட்டிகளும் முழங்கால் அளவு குவிந்தன. ஆயிரக்கணக்கான கடைகளும் வீடுகளும் சிதைந்தன, எழுபதுக்கு மேற்பட்ட தேவாலயங்கள் தாக்கப்பட்டன, கல்லறைகளும் தோண்டப்பட்டன. காவற்றுறையினர் பார்த்து நின்றனர். நள்ளிரவை அண்டித்தான் இராணுவச் சட்டம் வந்தது. இத்தகைய இரவு எவ்வாறு கழியும் என்பதை இவ்விதழின் வாசகர்களுக்கு விளக்கவேண்டிய தேவை இல்லை.

செப்டெம்பர் 12ஆம் திகதி பாராளுமன்றம் கூடியது. அரசாங்கத்தின் சார்பில் எழுந்தவர் கொப்ருலு. இத்தகைய நிகழ்வு நேரக்கூடும் என்னும் தகவல் அரசாங்கத்துக்கு முன்னரே கிட்டியிருந்தது, அதன் நாளும் நேரமுமே தெரியவில்லை என்னும் பொருள்பட அவர் பேசினார். பழியைப் பொதுவுடைமைவாதிகளின் மீது சுமத்தினார். அசீஸ் நெசின், கெமால் தாஹிர் முதலிய எழுத்தாளர்கள் ஏற்கெனவே சிறைப்பட்டிருந்தனர். அவர்கள் கும்பலை ஏவினர் என்பதற்கு ஒரு சான்றும் காட்டப்படவில்லை, பின்னர் விடுவிக்கப்பட்டனர். தெசலோனிக்கிக் குண்டு பற்றிய வழக்கிலோ, துருக்கியத் துணைத்தூதரகத்தின் ஊழியர் ஒருவரும் துருக்கிய மாணவர் ஒருவருமே கிரேக்க நீதிமன்றத்தில் குற்றவாளிகளாகக் காணப்பட்டனர்.

அவ்வுரையை வரலாற்று மாணவன் ஒருவனின் கண்கொண்டு நோக்குக. முன்னரே தெரிந்திருந்தால் தடுக்காதது ஏன்? பல இடங்களில் ஒரே வேளையில் கும்பல் திரண்டது எவ்வாறு? கருவிகள் எங்கிருந்து வந்தன? யாருடைய வாக்குமூலத்தின் பேரில் இம்முடிவு எட்டப்பட்டது? ஒட்டோமான் அரசின் தோற்றத்தைப் பற்றிக் கிபன்ஸிடம் கொப்ருலு கேட்ட கேள்விகள் இத்தகையனவே. எழுநூறு ஆண்டுகளுக்கு முந்திய செய்திக்கு ஆவணம் கேட்டவர், ஆறு நாட்களுக்கு முந்திய செய்திக்கு ஆவணம் கேட்கவில்லை. 1932இல் அவர் நின்ற கோட்டின் இப்பக்கம் இப்போது வெறுமையாக இருந்தது. அன்று வாளாவிருந்தார், இன்று தாமே பேசினார்.

அவர் பேசியதன் விலையைச் செலுத்தியோர் இஸ்தான்புல் கிரேக்கர்கள். 1920களில் அந்நகரில் ஓர் இலட்சம் அளவில் இருந்த அச்சமூகம் 1955இன் பின்னரும், 1964ஆம் ஆண்டின் நாடுகடத்தல்களின் பின்னரும் கலைந்து, இன்று சில ஆயிரமாகச் சுருங்கிவிட்டது.

1955 டிசெம்பரில் மீண்டும் வெளிவிவகார அமைச்சரான கொப்ருலு, மறு ஆண்டு யூனில் அப்பதவியை விட்டார். பத்திரிகைகளையும் எதிர்க்கட்சியையும் மெண்டெரெஸ் நெரித்துக்கொண்டிருந்தார். 1945ஆம் ஆண்டின் விண்ணப்பம் எவற்றைக் கேட்டதோ அவை யாவும் மறுக்கப்பட்டன. 1957இல் தாம் தொடங்கிய கட்சியிலிருந்தே கொப்ருலு விலகினார். சோர்போன் விரிவுரைகள் 1959இல்தான் துருக்கிய மொழியில் நூலுருப் பெற்றன. 1920களில் எழுதத் தொடங்கிய பெரிய இலக்கிய வரலாறு முற்றுப்பெறவே இல்லை. அரசியல் அவரிடமிருந்து பறித்த இருபது ஆண்டுகளைத் துருக்கியியல் அறிஞர் இன்றும் எண்ணி வருந்துவர்.

1960 மே 27ஆம் திகதி இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது. மர்மரக் கடலில் யஸ்ஸியாதா என்னும் சிறு தீவில் நடந்த விசாரணைகளில், செப்டெம்பர் 6, 7 நிகழ்வுகள் பற்றிய வழக்கும் ஒன்று. கொப்ருலுவும் அத்தீவில் சிறை வைக்கப்பட்டு அவ்வழக்கில் நிறுத்தப்பட்டார். மெண்டெரெஸும் ஸொர்லுவும் குற்றவாளிகள் எனத் தீர்க்கப்பட்டனர், கொப்ருலு விடுதலையானார். பிற வழக்குகளின் முடிவில் 1961 செப்டெம்பரில் மெண்டெரெஸும் ஸொர்லுவும் நிதியமைச்சர் பொலாத்கானும் தூக்கிலிடப்பட்டனர். பயாருக்கும் கொரால்தானுக்கும் விதிக்கப்பட்ட மரணதண்டனை ஆயுட் சிறையாகக் குறைக்கப்பட்டது. விண்ணப்பத்தில் கையொப்பமிட்ட நால்வரில் தண்டனை பெறாதவர் வரலாற்றாசிரியர் ஒருவரே.

1965இல் அங்காராவில் வாகனம் மோதிக் காயமுற்ற கொப்ருலு, 1966 யூன் 28ஆம் திகதி இஸ்தான்புல்லில் காலமானார். அவருடைய மாணவருள் தலையாய ஹலில் இனால்ஜிக் 2016 வரை வாழ்ந்து, ஒட்டோமான் வரலாற்றை வரிப்பதிவேடுகளிலிருந்தும் நீதிமன்றக் குறிப்புகளிலிருந்தும் எழுதிக்கொண்டிருந்தார். செம்பெர்லிதாஷ் பகுதியில் முதலமைச்சர் மெஹ்மெட் பாஷா துயிலும் குடும்ப அடக்கத் தலத்திலேயே ஃபுவாட் கொப்ருலுவும் அடக்கம் செய்யப்பட்டார். 17ஆம் நூற்றாண்டில் அக்குடும்பத்தார் கட்டிய நூலகம் அதன் அண்மையிலேயே உள்ளது. பழைய எழுத்துச் சுவடிகள் பல அங்கே பேணப்படுகின்றன.